சங்கீதக்காரர்களும் கதைக்காரர்களும்

மேல்நாட்டு சங்கீத மேதைகளைப் பற்றி வரும் புத்தகங்களுக்குப் பெரும்பாலும் 'வாழ்க்கையும் படைப்பும்' என்றுதான் தலைப்பு இருக்கும். 300 பக்கம் என்றால் அதில் 250 பக்கம் வாழ்க்கை, மிச்சம்தான் படைப்பு. வாசகர்களில் பலர் அந்த மிச்சத்தையும் புரட்டித் தள்ளிவிட்டு மரணப் படுக்கைக்குப் போய்விடுகிறார்கள். எழுதியவர்களைக் குறை சொல்லிப் பயனில்லை. சங்கீதத்தைப் பற்றி எழுதுவது சிரமம். கடன், காதல், காது கேளாமை, கொடிய நோய் இவற்றைப் பற்றி எழுதுவது சுலபம். கதை எழுதிப் பிழைக்கிறவன் என்பதால் இந்தச் சுலபம் எனக்குத் தெரியும்.

மேல்நாட்டு சங்கீத சாஸ்திரம் எனக்குத் தெரியாது. அவர்கள் ஐந்து கோடு போட்டு எழுதும் ஸ்வரக் குறிப்பை வாசிக்கவும் வராது. பல வருஷங்களாகக் கேட்டு வருகிறேன், அவ்வளவுதான். ஆனால் கதை எது, நடந்தது எது என்று பிரித்துப் பார்ப்பதற்குச் சாஸ்திரம் தேவையில்லை. கதை எப்படிச் செய்யப்படுகிறது என்று தெரிந்தால் போதும். அந்தத் தகுதி ஒன்றை வைத்துக்கொண்டுதான் இதை எழுதுகிறேன்.

முதலில் பீத்தோவனை எடுத்துக்கொள்வோம். எல்லாரும் அவரைத்தான் எடுத்துக்கொள்கிறார்கள்.

1802-ஆம் வருஷம் அக்டோபர் மாதம். பீத்தோவனுக்கு 31 வயது. காது மந்தமாகிக்கொண்டே வருகிறது. டாக்டர் சொன்னபடி வியன்னாவுக்கு வெளியே ஹைலிகென்ஷ்டாட் என்ற கிராமத்தில் போய் இருக்கிறார். அங்கே தம் தம்பிகளுக்கு ஒரு நீண்ட கடிதம் எழுதுகிறார். பக்கத்தில் நிற்பவனுக்குத் தூரத்துப் புல்லாங்குழல் கேட்கிறது, தமக்குக் கேட்கவில்லை. இடையன் பாடுவது அவனுக்குக் கேட்கிறது, தமக்குக் கேட்கவில்லை. உயிரை விட்டுவிடலாம் என்று தோன்றியது, கலை ஒன்றுதான் பிடித்து நிறுத்தியது என்கிறார். அந்தக் கடிதத்தை அவர் தபாலில் சேர்க்கவே இல்லை. 1827-ல் அவர் இறந்த பிறகு காகிதங்களுக்கு நடுவே அகப்பட்டது. இதைக் கண் கலங்காமல் வாசிக்க முடியாது. நானும் கலங்கித்தான் வாசித்தேன்.

சரி, இப்படிப்பட்ட கடிதத்தை எழுதிய கை அதே சமயத்தில் என்ன சங்கீதத்தை எழுதிக்கொண்டிருந்தது? கதைக்காரனைக் கேட்டால், இருண்ட, கனமான, மரணத்தின் வாசலில் நிற்கும் ஒரு கிருதி என்று சொல்லிவிடுவான். உண்மையில் அவர் அப்போது எழுதி முடித்துக்கொண்டிருந்தது இரண்டாவது ஸிம்பனி. பீத்தோவனின் ஒன்பது ஸிம்பனிகளில் இதைப்போல் குதூகலமானவை ஒன்றிரண்டுதான் உண்டு. கடைசிப் பகுதி யாருக்கோ விக்கல் வந்ததுபோல் ஆரம்பிக்கிறது. பிறகு அந்த விக்கலையே பிடித்துக்கொண்டு ஒரே ஓட்டமாக ஓடுகிறது. கடிதம் பொய்யா? பொய்யில்லை. ஸிம்பனி பொய்யா? அதுவும் இல்லை. இரண்டும் ஒரே மேஜையில் இருந்தன. ஒன்றிலிருந்து இன்னொன்றை ஊகிக்க வழியில்லை என்பதுதான் விஷயம்.

வாழ்க்கைச் சரித்திரக்காரர்களுக்கு இந்த ஸிம்பனி ஒரு தொந்தரவு. துக்கத்தை வென்று எழுந்த ஆனந்தம் என்று ஒரு சமாதானம் சொல்வார்கள். அழுதால் துக்கம், சிரித்தால் வென்ற துக்கம். எந்தப் பக்கம் விழுந்தாலும் அவர்களுக்குத் தாயம்தான்.

1808-ஐப் பாருங்கள். அந்த வருஷம் டிசம்பர் 22-ஆம் தேதி வியன்னாவில் ஆன் டெர் வீன் தியேட்டரில் பீத்தோவன் ஒரு கச்சேரி வைத்தார். ஆறரை மணிக்கு ஆரம்பித்துப் பத்தரை மணி வரை. கொட்டகைக்குள் தாங்க முடியாத குளிர். வாத்தியக்காரர்களுக்குப் போதிய ஒத்திகை இல்லை. ஒரு உருப்படி நடுவில் குழம்பிப் போய், பீத்தோவனே நிறுத்தி மறுபடியும் ஆரம்பிக்கும்படி ஆயிற்று. அந்த ஒரே ராத்திரியில் உலகம் முதன்முதலாகக் கேட்ட சரக்கு, ஐந்தாவது ஸிம்பனி, ஆறாவது ஸிம்பனி இரண்டும். (அன்றைய நிகழ்ச்சி நிரலில் நம்பர் தலைகீழாக இருந்தது, இன்றைய ஆறாவதை ஐந்தாவது என்று போட்டிருந்தார்கள்.) ஒன்று இடியும் மின்னலுமாக ஆரம்பித்து வெற்றி முழக்கத்தில் முடிவது. மற்றொன்று கிராமப்புறத்தில் காலாற நடந்துவிட்டு, ஓடைக்கரையில் உட்கார்ந்துவிட்டு, மழைக்கு ஒதுங்கி நின்றுவிட்டு வருவது. இரண்டும் ஏறக்குறைய ஒரே காலத்தில், ஒரே மனிதர், அதே கெட்டுப்போன காதுகளோடு எழுதியவை. செவிட்டுத்தனம் ஐந்தாவதை எழுதியது என்றால் ஆறாவதை எழுதியது யார்?

ஐந்தாவதின் ஆரம்பத்தில் வரும் அந்த நாலு ஸ்வரங்கள் உலகப் பிரசித்தி. சங்கீதம் என்றால் என்னவென்று தெரியாதவர்கள்கூட அதை வாயால் சொல்வார்கள். விதி வந்து கதவைத் தட்டுகிறது என்பது அதற்கு வழங்கும் பொருள். பீத்தோவனே அப்படிச் சொன்னார் என்று நமக்குச் சொன்னவர் ஆன்டன் ஷிண்ட்லர். பீத்தோவனின் சிஷ்யர் செர்னியோ வேறு சொல்கிறார்: அது மரங்களுக்கு நடுவே கேட்ட ஒரு சிறு குருவியின் கூவல் என்பது அவர் கட்சி. விதியா, குருவியா என்று வந்தால் ஜனங்கள் எதைப் பிடித்துக்கொள்வார்கள் என்று சொல்ல வேண்டியதில்லை. எனக்கென்னவோ குருவிதான் பிடித்திருக்கிறது. ஒரு குருவியின் கூவலை எடுத்து அப்படி ஒரு மாளிகை கட்ட முடியும் என்றால் அது விதி கதவைத் தட்டுவதைவிடப் பெரிய அதிசயம்.

இந்த ஷிண்ட்லரைப் பற்றிக் கொஞ்சம் விரிவாகவே சொல்ல வேண்டும். என் தொழிலில் இருப்பவர்கள் ஒவ்வொருவரும் தெரிந்துகொள்ள வேண்டிய ஆசாமி. பீத்தோவனின் கடைசி வருஷங்களில் சம்பளமில்லாத காரியதரிசி மாதிரி அவர் வீட்டிலேயே சுற்றிக்கொண்டிருந்தவர். காது முழுக்கப் போன பிறகு பீத்தோவனுடன் பேச வருகிறவர்கள் தாங்கள் சொல்ல விரும்புவதை ஒரு குறிப்புப் புத்தகத்தில் எழுதிக் காட்டுவார்கள். பீத்தோவன் பெரும்பாலும் வாயால் பதில் சொல்லிவிடுவார். ஆகவே அந்தப் புத்தகங்களில் பாதிச் சம்பாஷணைதான் இருக்கும், பக்கத்து அறையில் ஒருவர் டெலிபோனில் பேசுவதைக் கேட்பதுபோல். மீன் விலை, சமையற்காரியின் திருட்டு, தம்பி மகன் கார்லின் படிப்பு, யாரோ ஒருவனைப் பற்றிய வம்பு, நடுவில் ஒரு ஸ்வரக் குறிப்பு என்று எல்லாம் அதில் இருக்கிறது. ஒரு நாவலாசிரியனுக்கு இதைவிடப் பெரிய புதையல் கிடையாது.

பீத்தோவன் இறந்ததும் இந்தப் புத்தகங்கள் ஷிண்ட்லர் கைக்குப் போயின. 1840-ல் அவர் பீத்தோவனின் சரித்திரத்தை எழுதி வெளியிட்டார். பிறகு புத்தகங்களை பெர்லினில் இருந்த ராஜாங்க நூல் நிலையத்துக்கு விற்றார். இன்று சுமார் 140 புத்தகங்கள் மிஞ்சியிருக்கின்றன. அவற்றைப் பதிப்பித்துக்கொண்டிருந்த பண்டிதர்கள் 1977-ல் ஒரு செய்தியை வெளியிட்டார்கள். ஷிண்ட்லர் கையெழுத்தில் உள்ள குறிப்புகளில் நூற்றுக்கும் மேற்பட்டவை பீத்தோவன் உயிரோடிருக்கும்போது எழுதப்பட்டவை அல்ல. அவர் செத்த பிறகு, வெற்றிடம் இருந்த பக்கங்களில் ஷிண்ட்லர் சாவகாசமாக உட்கார்ந்து எழுதிச் சேர்த்தவை. இந்த ஸொனாட்டாவின் பொருள் இது, அதை இவ்வளவு வேகத்தில் வாசிக்க வேண்டும், நான் கேட்டேன், ஆசான் தலையாட்டினார் என்ற பாணியில்.

கொஞ்சம் யோசித்துப் பாருங்கள். செத்துப்போன மனிதரோடு சம்பாஷித்திருக்கிறார்! தாம் கேட்டதாகக் கேள்வியை எழுதிவிட்டால் போதும். பதில் எழுத வேண்டியதில்லை, ஏனென்றால் பீத்தோவன் பதிலை எழுதுகிற வழக்கம் இல்லை. தந்திரம் என்று பார்த்தால் அபாரமான தந்திரம். 137 வருஷம் உலகத்தையே ஏமாற்றியிருக்கிறார். அதற்குள் எத்தனை சரித்திரங்கள், எத்தனை பிரசங்கங்கள், எத்தனை நாடகங்கள் அவர் பேச்சை நம்பி எழுதப்பட்டுவிட்டன! விதி கதவைத் தட்டும் கதையும் அவர் சரக்குத்தான். ஷிண்ட்லர் பணத்துக்காக மட்டும் இதைச் செய்ததாக எனக்குத் தோன்றவில்லை. மகானின் பக்கத்தில் இன்னும் கொஞ்சம் நெருங்கி நின்றிருந்ததாகக் காட்டிக்கொள்ள வேண்டும் என்ற ஆசை. பெரிய மனிதர்களைச் சுற்றி எந்த ஊரிலும் இந்த ஆசை பிடித்தவர்கள் நாலு பேர் இருப்பார்கள். அவர்களில் ஒருவர் சரித்திரமும் எழுதத் தெரிந்தவராக வாய்த்துவிட்டால்தான் ஆபத்து.

கதைகள் எல்லாமே பொய் என்று நான் சொல்ல வரவில்லை. பாதி உண்மையான கதைகள்தான் அதிக நாள் பிழைக்கின்றன. மூன்றாவது ஸிம்பனியை நெப்போலியன் பெயரால் எழுதினார், அவன் சக்கரவர்த்தியாக முடிசூடப் போகிறான் என்று கேட்டதும் ஆத்திரத்தில் முகப்புத் தாளைக் கிழித்தெறிந்தார் என்பது எல்லாருக்கும் தெரிந்த கதை. சொன்னவர் பக்கத்தில் இருந்த சிஷ்யர் ரீஸ். வியன்னாவில் இன்றும் ஒரு கையெழுத்துப் பிரதி இருக்கிறது. அதன் முகப்பில் போனபார்ட் என்ற பெயர் இருந்த இடத்தைச் சுரண்டிச் சுரண்டி ஓட்டையே விழுந்திருக்கிறது. கோபம் நிஜம். ஆனால் அதே தாளில், அடியில், போனபார்ட்டை வைத்து எழுதியது என்று அவரே பென்சிலால் எழுதியிருக்கிறார். 1804 மே மாதத்தில் கோபம். ஆகஸ்ட் மாதத்தில் பிரசுரகர்த்தருக்கு எழுதிய கடிதத்தில் இந்த ஸிம்பனியின் உண்மைப் பெயர் போனபார்ட் என்று சாவதானமாகச் சொல்கிறார். 1806-ல் அச்சாகும்போது ஒரு மகா புருஷரின் நினைவைக் கொண்டாடுவதற்காக என்று பெயரில்லாமல் போட்டு, காணிக்கையை லாப்கோவிட்ஸ் பிரபுவுக்கு வைத்தார். பிரபு அதற்குப் பணம் கொடுத்தவர்.

கிழித்தெறிந்த பீத்தோவனைவிட, சுரண்டிவிட்டு, மறுபடி பென்சிலால் எழுதி, பிறகு பிரபுவிடம் பணமும் வாங்கிக்கொண்ட பீத்தோவன்தான் எனக்கு மனிதராகத் தெரிகிறார். நாவல் எழுதுவதானால் நான் இவரைத்தான் எழுதுவேன். சினிமாக்காரர்கள் முன்னவரைத்தான் எடுப்பார்கள்.

மேல்நாட்டு சங்கீதத்தில் இந்தக் கதைகள் இவ்வளவு மண்டிக் கிடப்பதற்கு ஒரு காரணம் இருக்கிறது. அவர்களுடைய மிகப் பெரிய கிருதிகளில் பலவற்றுக்கு சாஹித்யம் கிடையாது. வெறும் வாத்தியம். நம் தியாகராஜர் பீத்தோவனுக்கு மூன்று வருஷம் மூத்தவர்; 1767-ல் பிறந்தவர். அவருடைய கிருதி ராமனைப் பார்த்து என்ன கேட்கிறது என்று வார்த்தைகளே சொல்லிவிடுகின்றன. அப்படியும் ஒவ்வொரு கிருதிக்கும் ஒரு சம்பவத்தை ஒட்டவைக்க நம்மவர்கள் தயங்கவில்லை! வார்த்தையே இல்லாத நாலு வாத்திய உருப்படியைக் கேட்கிறவனுக்குக் கையைப் பிசைந்துகொண்டு உட்கார்ந்திருக்க முடியவில்லை. இது எதைப் பற்றி என்று கேட்கிறான். யாராவது ஒருவர் சொல்லித்தான் ஆக வேண்டும்.

'நிலா வெளிச்ச ஸொனாட்டா' என்று பெயர் பெற்ற பியானோ உருப்படி இப்படித்தான் பெயர் பெற்றது. பீத்தோவன் அதை 1801-ல் எழுதினார். நிலாவைப் பற்றி ஒரு வார்த்தையும் சொல்லவில்லை. அவர் இறந்த பிறகு ரெல்ஷ்டாப் என்ற விமர்சகர், முதல் பகுதியைக் கேட்டால் லூஸெர்ன் ஏரியின்மேல் நிலா காய்வதுபோல் இருக்கிறது என்று எழுதப்போக, அது ஒட்டிக்கொண்டது. பள்ளிக்கூடத்தில் ஆங்கில ரீடரில் நான் படித்த பாடமோ இன்னும் ஒரு படி மேலே போகிறது. செருப்புத் தைப்பவன் வீட்டில் ஒரு குருட்டுப் பெண், ஜன்னல் வழியே நிலா, பீத்தோவன் உட்கார்ந்து வாசிக்கிறார். நடக்காத சம்பவம். நிலாவும் குருட்டுப் பெண்ணும் முதல் பகுதியோடு தீர்ந்துவிடுகிறார்கள். மூன்றாவது பகுதியைக் கேட்டவர்களுக்குத் தெரியும், அங்கே நிலாவும் இல்லை, ஏரியும் இல்லை. பியானோவின் தந்திகள் அறுந்துபோகும்படியான புயல். பெயரை நம்பிக் கேட்கிறவர்கள் முதல் பகுதியோடு எழுந்து போய்விடுகிறார்கள். ஒரு கிருதியின் முக்கால் பாகத்தை ஒரு பெயர் விழுங்கிவிட்டது.

மோஸார்ட் விஷயத்துக்கு வருவோம். 1788-ஆம் வருஷத்துக் கோடைகாலம். அவர் தம் கிருதிகளுக்கு ஒரு பட்டியல் வைத்திருந்தார். அதன்படி ஜூன் 26-ல் ஒரு ஸிம்பனி, ஜூலை 25-ல் ஒன்று, ஆகஸ்ட் 10-ல் ஒன்று. இவைதான் அவருடைய கடைசி மூன்று ஸிம்பனிகள். ஏழு வாரத்துக்குள் மூன்று! அதே மாதங்களில் அவர் புக்பெர்க் என்ற வியாபாரிக்கு எழுதிய கடிதங்கள் இருக்கின்றன. அத்தனையும் கடன் கேட்டு. ஜூன் 29-ஆம் தேதி அவருடைய ஆறு மாதக் குழந்தை தெரேஸியா இறந்து போயிற்று.

இரண்டாவதாக எழுதிய ஜி-மைனர் ஸிம்பனியைக் கேட்டால் நெஞ்சைப் பிசையும். ஆஹா, குழந்தை போன துக்கம் என்று முடிச்சுப் போட யாருக்கும் கை துறுதுறுக்கும். போடலாம். ஆனால் அதற்குப் பதினாறு நாளுக்குப் பிறகு முடித்த மூன்றாவது, வெயிலில் பளபளக்கும் கோபுரம்போல் நிற்கிறதே! பதினாறு நாளில் துக்கம் ஆறிவிட்டதா? கடன் தீர்ந்துவிட்டதா? கடிதங்களைப் பார்த்தால் தீரவில்லை. குழந்தையின் சாவு அவரை வருத்தவில்லை என்று நான் சொல்ல மாட்டேன். தகப்பனாக இருப்பவர்கள் யாரும் சொல்ல மாட்டார்கள். வருத்தப்பட்ட மனிதர் ஒருவர், வேலை செய்த மனிதர் ஒருவர். இருவரும் ஒரே வீட்டில் குடியிருந்தார்கள், ஒருவர் வேலையில் மற்றவர் குறுக்கிடவில்லை. நாமும் எழுதுகிறோம், பையனுக்கு ஜுரம் அடிக்கும்போது ஹாஸ்யக் கதையை எழுதிக் கொடுத்தவர்கள் எத்தனை பேர் இல்லை?

மோஸார்ட் 1791 டிசம்பர் 5-ஆம் தேதி 35 வயதில் இறந்தார். அதற்கப்புறம்தான் கதைக்காரர்களின் ராஜ்யம். முகம் தெரியாத ஒரு தூதன் வந்து மரணச் சடங்குப் பாட்டு எழுதச் சொன்னான், அது தமக்கே என்று மோஸார்ட் பயந்தார் என்பார்கள். தூதனை அனுப்பியவர் வால்ஸெக் என்ற பிரபு. இறந்துபோன மனைவியின் நினைவுக்காக ஒரு கிருதி வேண்டும், அதையும் தாமே எழுதியதாகச் சொல்லிக்கொள்ள வேண்டும், அதனால்தான் ரகசியம். பிச்சைக்காரனைப்போல் புதைத்தார்கள் என்பார்கள். அந்தக் காலத்தில் வியன்னாவில் சாதாரணக் குடும்பத்தாருக்குச் சட்டப்படி நடந்த சவ அடக்கம்தான் அவருக்கும் நடந்தது.

இவையெல்லாம் யாரையும் அதிகமாகப் புண்படுத்தாத கதைகள். ஸாலியேரி கதை அப்படியல்ல.

அன்டோனியோ ஸாலியேரி வியன்னா அரண்மனையில் சங்கீத அதிகாரி. அன்றைய ஐரோப்பாவில் மிகவும் மதிக்கப்பட்டவர்களில் ஒருவர். 1778-ல் மிலான் நகரத்து லா ஸ்காலா தியேட்டரைத் திறந்தபோது மேடையேறியது அவருடைய இசை நாடகம். பீத்தோவன், ஷூபர்ட், லிஸ்ட் மூவரும் அவரிடம் பாடம் கேட்டவர்கள். மோஸார்ட்டுக்கும் அவருக்கும் உத்தியோகப் போட்டி இருந்தது. இரண்டு வித்வான்கள் ஒரே சமஸ்தானத்தில் இருந்தால் போட்டி இல்லாமல் இருக்குமா? ஆனால் இறப்பதற்கு இரண்டு மாதத்துக்கு முன், 1791 அக்டோபரில், மோஸார்ட் தம் மனைவிக்கு எழுதிய கடிதத்தைப் பாருங்கள். ஸாலியேரியை வண்டியில் அழைத்துக்கொண்டு போய்த் தம் 'மாயப் புல்லாங்குழல்' நாடகத்தைக் காட்டியதையும், ஒவ்வொரு பாட்டுக்கும் அவர் சபாஷ் போட்டதையும் சின்னப் பையனைப்போல் சந்தோஷமாகச் சொல்லிக்கொள்கிறார். மோஸார்ட் இறந்தபின் அவருடைய மகன் பாடம் கேட்கப் போனதும் இந்த ஸாலியேரியிடம்தான். கொலைகாரனிடம் பிள்ளையை அனுப்பும் தாய் உண்டா?

கிழ வயதில் ஸாலியேரிக்குப் புத்தி தடுமாறியது. மோஸார்ட்டுக்கு விஷம் வைத்தேன் என்று அவரே உளறினார் என வதந்தி கிளம்பிற்று. பீத்தோவனின் குறிப்புப் புத்தகங்களில்கூட இந்த வம்பு எழுதப்பட்டிருக்கிறது. கூட இருந்து பணிவிடை செய்த ஆட்கள் அப்படி ஒரு வார்த்தையும் அவர் வாயிலிருந்து வரவில்லை என்று எழுதிக் கொடுத்தார்கள். யார் கேட்கிறார்கள்? 1825-ல் அவர் இறந்தார். 1830-ல் ருஷ்யாவில் புஷ்கின் 'மோஸார்ட்டும் ஸாலியேரியும்' என்ற குட்டி நாடகத்தை எழுதினார். அதில் ஸாலியேரி பொறாமையால் விஷம் கொடுக்கிறார். 1979-ல் பீட்டர் ஷாஃபர் என்ற ஆங்கிலேயர் அதே வித்திலிருந்து 'அமாடியஸ்' நாடகத்தை எழுதினார். 1984-ல் அது சினிமாவாகி எட்டு ஆஸ்கார் பரிசு வாங்கியது.

படம் பிரமாதமான படம். புஷ்கின் நாடகத்தையோ கேட்கவே வேண்டாம். உழைப்பாளியான நடுத்தரக் கலைஞன், உழைக்காமலே பெற்ற மேதையைப் பார்த்துக் கடவுளிடம் கணக்குக் கேட்பது! இதைவிடப் பெரிய கரு எந்த எழுத்தாளனுக்குக் கிடைக்கும்? ஆனால் அந்தக் கருவுக்கு ஸாலியேரி என்ற பெயர் எதற்கு? அங்கேதான் எனக்குச் சம்மதமில்லை. ஐந்து வருஷத்துக்கு முன் செத்துப்போன மனிதன் ஒருவனை, பெயரைக்கூட மாற்றாமல், கொலைகாரனாக மேடையில் நிறுத்துவதற்குக் கவிதை எவ்வளவு உயர்ந்ததானாலும் அனுமதி கிடையாது என்பது என் கட்சி. பாவம், ஸாலியேரியின் சங்கீதத்தில் ஒரு வரிகூடக் கேட்டிராத லட்சக்கணக்கான பேர் அவர் மட்டமான வித்வான் என்று சத்தியம் செய்வார்கள். அவர் உயிரோடு பார்த்த புகழ் முழுவதையும் ஒரு நாடகமும் ஒரு சினிமாவும் சேர்ந்து பறிமுதல் செய்துவிட்டன.

ரொமேன் ரோலான் இதைவிட யோக்கியமாக நடந்துகொண்டார். காந்தியைப் பற்றி எழுதியவர் என்பதால் நமக்குத் தெரிந்த பெயர். பீத்தோவன்மீது அவருக்கிருந்த பக்திக்கு அளவில்லை. அந்தப் பக்தியை வைத்து 10 பாகத்தில் 'ழான் கிறிஸ்தோஃப்' நாவலை எழுதினார். கதாநாயகன் ரைன் நதிக்கரையில் பிறந்த ஜெர்மானிய சங்கீதக்காரன். சின்ன வயசில் அப்பட்டமான பீத்தோவன். ஆனால் பெயர் வேறு, காலம் வேறு. எங்கே கதை, எங்கே சரித்திரம் என்று வாசகனுக்குக் குழப்பம் இல்லை. அவரே 1903-ல் பீத்தோவனைப் பற்றி எழுதிய சின்னச் சரித்திரத்தைவிட இந்த நாவல்தான் எனக்கு உண்மையாகப் படுகிறது. சரித்திரத்தில் பீத்தோவன் தெய்வம்; நாவலில் கிறிஸ்தோஃப் சட்டையில் அழுக்குப் பட்ட மனிதன்.

பெயரை மாற்றிவிட்டால் மட்டும் தப்பித்துவிட முடியும் என்பதும் இல்லை. தாமஸ் மான் 1947-ல் 'டாக்டர் ஃபாஸ்டஸ்' என்ற நாவலில் ஒரு கற்பனை சங்கீதக்காரனைப் படைத்து, ஷோயன்பெர்க் கண்டுபிடித்த பன்னிரண்டு ஸ்வர முறையை அவன் கண்டுபிடித்ததாக எழுதிவிட்டார். ஷோயன்பெர்க் உயிரோடிருந்தார், சண்டைக்கு வந்துவிட்டார். அந்த முறை உண்மையில் யாருடையது என்று பின் பதிப்புகளில் ஒரு குறிப்புப் போட வேண்டியதாயிற்று. ஸாலியேரிக்காகக் குறிப்புப் போட யாரும் வரவில்லை.

கதையே அகப்படாதவர்களும் உண்டு. பாக் என்ற பெரியவர் இருக்கிறாரே, ஐரோப்பிய சங்கீதத்துக்கே மூலபுருஷர் என்று சொல்லலாம். 1723 முதல் 1750-ல் இறக்கும் வரை லைப்ஸிக் நகரத்தில் ஒரே உத்தியோகம். இரண்டு மனைவி, 20 குழந்தைகள், அதில் 10 பேர் பெரியவர்களாக வளர்ந்தார்கள். மாதா கோயிலுக்கு வாராவாரம் பாட்டு, பையன்களுக்குப் பாடம், மேலதிகாரிகளோடு மனஸ்தாபம். 1730-ல் பழைய நண்பர் ஒருவருக்கு எழுதிய கடிதத்தில் ஒரு புகார் சொல்கிறார். சாவு விழுந்தால் அவருக்குச் சம்பாவனை உண்டு. போன வருஷம் ஊரில் காற்று ஆரோக்கியமாக இருந்துவிட்டதாம், சாவே குறைந்துவிட்டதாம், அதனால் 100 தாலருக்கு மேல் வரும்படி போயிற்றாம்! இதை எழுதியவர் அதற்கு மூன்று வருஷத்துக்கு முன்தான் 'மத்தேயு பாஷன்' என்ற, ஏசுவின் மரணத்தைப் பாடும் மகா கிருதியை அரங்கேற்றியவர். எந்தச் சரித்திரக்காரராலும் இந்த இரண்டையும் முடிச்சுப் போட முடியவில்லை. அந்த மட்டில் பாக் புண்ணியம் செய்தவர். அவரைக் கேட்கிறவர்கள் வேறு வழியில்லாமல் சங்கீதத்தையே கேட்கிறார்கள்.

ஹைடன் கதை ஒன்று மட்டும் விதிவிலக்காகத் தோன்றுகிறது. எஸ்டர்ஹாஸி பிரபுவிடம் சேவகம். உடுப்புப் போட்டுக்கொண்டு தினம் முன்கூடத்தில் வந்து உத்தரவுக்குக் காத்திருக்க வேண்டும் என்பது ஒப்பந்தம். 1772-ல் பிரபு கோடைமாளிகையை விட்டுக் கிளம்பவே இல்லை. வாத்தியக்காரர்களுக்குப் பெண்டாட்டி பிள்ளைகளைப் பார்க்க முடியவில்லை. ஹைடன் ஒரு ஸிம்பனி எழுதி, கடைசியில் ஒவ்வொருவராக வாசித்து முடித்து எழுந்துபோகும்படி செய்தார். பிரபு புரிந்துகொண்டு மூட்டை கட்டச் சொன்னார். இங்கே கதையை வெளியிலிருந்து கொண்டுவந்து ஒட்டவில்லை; ஆட்கள் எழுந்து போவது ஸ்வரக் குறிப்பிலேயே இருக்கிறது. இந்த வித்தியாசத்தைத்தான் நான் கேட்கிறேன்.

பீத்தோவன் கடைசியாக முழுமையாக எழுதிய நால்வர் வாத்திய உருப்படியின் இறுதிப் பகுதிக்கு மேல், இப்படித்தான் ஆக வேண்டுமா என்று ஒரு கேள்வியும், ஆகத்தான் வேண்டும் என்று ஒரு பதிலும் எழுதி வைத்திருக்கிறார். 1826, அந்தக் கோடையில்தான் வளர்த்த தம்பி மகன் கார்ல் தன்னைத்தானே சுட்டுக்கொண்டு உயிர் தப்பினான். மரணத்தோடு செய்த சம்வாதம் என்று பக்கம் பக்கமாக எழுதியிருக்கிறார்கள். ஆதாரம் என்னவென்றால், டெம்ப்ஷர் என்ற ஒரு தனவந்தர் கச்சேரிக்குச் சந்தா கட்டவில்லை. 50 ஃப்ளோரின் கொடுத்தால்தான் உருப்படியின் பிரதி கிடைக்கும் என்று பீத்தோவன் சொல்லியனுப்பினார். கொடுத்துத்தான் ஆக வேண்டுமா என்று அவர் சிரித்தார். பீத்தோவனும் சிரித்துவிட்டு, ஆகத்தான் வேண்டும் என்று ஒரு வேடிக்கைப் பாட்டுப் போட்டார். அந்த ஸ்வரங்கள்தான் இங்கே வந்திருக்கின்றன. அப்படியானால் இது வெறும் வேடிக்கை உருப்படியா என்றால் அதுவும் தப்பு. கேட்டுப் பாருங்கள். கேள்வி வரும் இடத்தில் உடம்பு சிலிர்க்கிறது. சந்தாப் பாக்கி எங்கேயோ கீழே கிடக்கிறது.

உண்மையான சரித்திரம் வேண்டும் என்கிறவர்களுக்கு ஒன்று இருக்கிறது. அது பீத்தோவனின் பயிற்சி நோட்டுகள். வெட்டு, அடி, திருத்தம், மறுபடி வெட்டு. நோட்டபோம் என்ற ஜெர்மானியர் 19-ஆம் நூற்றாண்டில் அவற்றை ஒவ்வொன்றாகப் பிரித்துப் படித்தார். ஒரு மெட்டு முதலில் எவ்வளவு சாதாரணமாக, கேட்டால் வெட்கப்படும்படியாகக்கூடப் பிறக்கிறது என்று அங்கே பார்க்கலாம். அவருடைய ஒரே இசை நாடகமான 'ஃபிடேலியோ' 1805 நவம்பர் 20-ல் மேடையேறியது. அதற்கு ஒரு வாரம் முன்புதான் பிரெஞ்சுப் பட்டாளம் வியன்னாவுக்குள் நுழைந்திருந்தது. ஊர்க்காரர்கள் ஓடிவிட்டார்கள், கொட்டகையில் பாஷை புரியாத பிரெஞ்சு அதிகாரிகள். நாடகம் விழுந்தது. 1806-ல் திருத்தினார். 1814-ல் மறுபடி திருத்தினார். முன்வாசிப்பு மட்டும் நாலு தடவை எழுதினார். ஒன்பது வருஷம் ஒரு மனிதர் ஒரே கதையோடு மல்லுக்கட்டுவது! காதல் கடிதங்களைவிட இதுதான் எனக்கு நாவலாகப் படுகிறது. ஆனால் இதை எழுத வேண்டுமானால் சங்கீதம் தெரிந்திருக்க வேண்டும். சிரமம் அங்கே வந்துவிடுகிறது.

ஷூபர்ட்டைப் பற்றிச் சொல்லி முடிக்கிறேன். 1797-ல் பிறந்து 1828-ல், 31 வயதில் போய்விட்டார். 600 பாட்டுக்கு மேல் எழுதியவர். 'முடியாத ஸிம்பனி' என்ற பெயரைக் கேட்டதும் எழுதிக்கொண்டிருக்கும்போதே பேனா கையிலிருந்து நழுவியது என்று நினைத்துக்கொள்கிறோம். அதை அவர் 1822-ல் இரண்டு பகுதியோடு நிறுத்தினார். அதற்கப்புறம் ஆறு வருஷம் இருந்தார், அதைவிட நீண்ட ஸிம்பனி ஒன்றை முடித்தும் வைத்தார். முடியாததன் பிரதி நண்பர் ஹ்யூட்டன்பிரென்னர் வீட்டில் கிடந்து, 1865-ல்தான் வெளியே வந்தது. நீளமானது அண்ணன் ஃபெர்டினாண்ட் வீட்டில் கிடந்தது. ஷூமான் போய்ப் பார்த்து எடுத்துக் கொடுக்க, 1839-ல் மெண்டல்ஸான் லைப்ஸிக்கில் வாசிக்க வைத்தார். ஷூபர்ட் இரண்டில் எதையும் கச்சேரியில் கேட்கவில்லை. தம் கிருதிகளை மட்டும் வைத்து அவர் நடத்திய பொதுக் கச்சேரி ஆயுளில் ஒன்றே ஒன்று. 1828 மார்ச் 26-ல்.

இறப்பதற்கு முந்திய மாதங்களில் அவர் எழுதிய ஐந்து வாத்திய உருப்படி ஒன்று இருக்கிறது. வழக்கமான நாலோடு இன்னொரு செல்லோவைக் கூட்டி எழுதியது. அதைப் பிரசுரகர்த்தர் ஒருவருக்கு எழுதித் தெரிவித்தார், அவர் வாங்கிக்கொள்ளவில்லை. 1850 வரை பொதுமேடை ஏறவில்லை. இப்போது செல்போனிலேயே கேட்டுவிடலாம், முக்கால் மணிக்குச் சற்று மேல் ஆகும். புதிதாகக் கேட்கிறவர்கள் இரண்டாவது பகுதியிலிருந்து ஆரம்பிக்கலாம். மேலே ஒரு வயலின் விட்டுவிட்டு ஒன்றிரண்டு ஸ்வரம் சொல்லும். அடியில் ஒரு செல்லோ தந்தியை மீட்டிக்கொண்டிருக்கும். நடுவில் மூன்று பேர் அசைவதே தெரியாமல் நகர்வார்கள். யார் எழுதியது, எந்த வியாதியில் எழுதினார் என்ற விவரங்களை வீட்டில் யாராவது கேட்டால், உருப்படி முடிந்த பிறகு சொல்லுங்கள்.